கேள்வி-பதில்: ஒயாசிஸின் முதல் ஆல்பம் – எந்தப் பதிப்பை வாங்குவது?

கேள்வி: பிரிட்டனில் வசிக்கிறேன். ஒயாசிஸ் ராக் இசைக்குழுவின் முதல் ஆல்பமான ‘டெஃபினெட்லி மேபி’யை வாங்கலாம் என்று தேடினால் 1994 சி.டி., 2014-இல் வந்த மூன்று சி.டி. தொகுப்பு, 2024-இன் முப்பதாம் ஆண்டுப் பதிப்பு, இரட்டை இசைத்தட்டு என்று ஏகப்பட்டவை வருகின்றன. விலை மூன்று பவுண்டில் தொடங்கி நூற்றைம்பதைத் தாண்டுகிறது. எதை வாங்குவது?

பதில்: பாட்டைக் கேட்பதுதான் நோக்கம் என்றால் 1994 சி.டி. போதும். விலை மூன்று பவுண்டுதானே, தரம் எப்படியோ என்று தயங்க வேண்டாம். 1994 ஆகஸ்ட் 29 அன்று வெளிவந்த இந்த ஆல்பம் முதல் வாரமே பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. அதற்கு முன் எந்தக் குழுவின் முதல் ஆல்பமும் அங்கே அவ்வளவு விரைவாக விற்றதில்லை. அன்று வாங்கியவர்கள் பிற்பாடு வீட்டை ஒழிக்கும்போது அறக்கட்டளைக் கடைகளுக்குக் கொடுத்த பிரதிகள் இன்றும் மலிந்து கிடக்கின்றன. விலை குறைந்ததற்குக் காரணம் அதுதான்.

ரீமாஸ்டர் செய்த, அதாவது பழைய பதிவின் ஒலியைப் புதிதாகச் சீர்செய்த, பதிப்பில் ஒலி இன்னும் தெளிவாக இருக்கும் என்று விற்பவர்கள் சொல்வார்கள். இந்த ஆல்பத்தைப் பொறுத்தவரை அதற்காக மட்டும் கூடுதல் பணம் தர வேண்டாம். இது பதிவான கதையைத் தெரிந்துகொண்டால் ஏன் என்று புரியும். முதலில் வேல்ஸில் உள்ள மன்னோ வேலி ஸ்டூடியோவில் டேவ் பேட்சலரைத் தயாரிப்பாளராக வைத்துப் பதிவு செய்தார்கள். மேடையில் அனல் பறக்க வாசித்த குழு அந்த நாடாவில் சோர்ந்து ஒலித்தது. ‘ஸ்லைட் அவே’ ஒன்றைத் தவிர மற்றவற்றை ஒதுக்கிவிட்டு, கார்ன்வாலில் உள்ள சாமில்ஸ் ஸ்டூடியோவுக்குப் போய், மேடையில் தங்களுக்கு ஒலியமைத்த மார்க் கோய்லுடன் மறுபடி பதிவு செய்தார்கள். இந்த முறை எல்லோரும் ஒரே அறையில் சேர்ந்து வாசித்தார்கள். அப்போதும் நிறைவு வரவில்லை. கடைசியில் ஓவன் மாரிஸ் என்ற பொறியாளரிடம் நாடாக்கள் போயின. குழுவின் பாடலாசிரியரும் கிட்டார் கலைஞருமான நோயல் கேலகர் அடுக்கடுக்காகச் சேர்த்திருந்த கிட்டார்களில் பலவற்றை அவர் களைந்தார். மிஞ்சியதில் ஓசையின் ஏற்ற இறக்கத்தை அழுத்திச் சுருக்கி, ஒலியளவை அன்றைய வழக்கத்துக்கு மேல் உயர்த்தினார். சுவர்போல எழுந்து நிற்கும் அந்த ஓசை அவருடைய கைவேலை. குரலையும் கருவிகளையும் ஒன்றாகச் சேர்த்த கலவையிலேயே அது ஊறியிருப்பதால் பின்னால் வரும் எந்த ரீமாஸ்டரும் அதை எடுத்துவிட முடியாது. எடுக்கவும் கூடாது என்பேன். அந்த ஓசைதான் இந்த ஆல்பம்.

2014 தொகுப்பை வாங்க வேறு நல்ல காரணம் உண்டு. அதன் இரண்டாம் தட்டில் அந்தக் காலத்து சிங்கிள்களின் (தனிப்பாடல் வெளியீடுகளின்) மறுபக்கப் பாடல்கள் இருக்கின்றன. ‘ஹாஃப் தி வேர்ல்ட் அவே’, ‘ஃபேட் அவே’, ‘லிஸன் அப்’ போன்றவை வேறு குழுவிடம் இருந்திருந்தால் ஆல்பத்தின் தலைப்பாடல்களாகியிருக்கும். 2024 பதிப்பு ஆல்பத்தை ஏற்கெனவே நன்றாகக் கேட்டுப் பழகியவர்களுக்கானது. ஒதுக்கப்பட்ட மன்னோ வேலி பதிவுகள் அதில் முதன்முறையாக அதிகாரபூர்வமாக வெளிவந்தன. ஒரே பாட்டை அதிலும் மூல ஆல்பத்திலும் அடுத்தடுத்துக் கேட்டால் மாரிஸ் என்ன செய்தார் என்பது காதுக்கே விளங்கிவிடும். முதல்முறை கேட்பவர் அங்கிருந்து தொடங்க வேண்டாம்.

கேள்வி: இசைத்தட்டுச் சந்தையில் ஒருவர் இதே ஆல்பத்தை ‘1994 முதல் அச்சு’ என்று சொல்லி 140 பவுண்டு கேட்கிறார். நம்பலாமா?

பதில்: அவர் பேச்சை விட்டுவிட்டுத் தட்டைப் பாருங்கள். மூலப் பதிப்பு கிரியேஷன் ரெக்கார்ட்ஸ் வெளியீடு, எண் சி.ஆர்.இ. எல்.பி. 169. ஆல்பம் ஏறக்குறைய 52 நிமிடம் ஓடுகிறது. அதை ஒரே தட்டில் அடைத்தால் பள்ளங்கள் நெருங்கி ஒலி மெலிந்துபோகும் என்பதால் இரண்டு தட்டுகளில் அச்சிட்டார்கள். பிரிட்டன் சி.டி.யில் இல்லாத ‘சாட் சாங்’ என்ற பாடலும் அதில் உண்டு. உறையின் பொடி எழுத்துகளில் எங்காவது ‘பிக் பிரதர்’ என்ற பெயர் இருந்தால் அது 1994 அச்சு இல்லை. குழுவின் அந்தச் சொந்த நிறுவனம் 2000-இல்தான் தொடங்கியது.

அடுத்து, கடைசிப் பள்ளத்துக்கும் நடு லேபிளுக்கும் இடையே உள்ள வழவழப்பான வளையத்தை விளக்குக்குச் சாய்த்துப் பிடியுங்கள். அங்கே பொறித்திருக்கும் எழுத்துகளையும் எண்களையும் நான்கு பக்கத்திலும் குறித்துக்கொண்டு, இசை வெளியீடுகளைப் பட்டியலிடும் டிஸ்காக்ஸ் இணையதளத்தில் ஒவ்வொரு அச்சுக்கும் கொடுத்திருக்கும் குறிப்போடு ஒப்பிடுங்கள். உறைப் படத்தையும் உற்றுப் பாருங்கள். மான்செஸ்டரில் கிட்டார் கலைஞர் போன்ஹெட் வீட்டு முன்னறையில் மைக்கேல் ஸ்பென்சர் ஜோன்ஸ் எடுத்த படம் அது. சோபாவில் சாய்த்து வைத்திருக்கும் அமெரிக்க இசையமைப்பாளர் பர்ட் பாக்கராக்கின் படம் மங்கித் தெரிந்தால், வேறொரு உறையை நகலெடுத்து அச்சிட்டதோ என்று சந்தேகிக்கலாம்.

எல்லாம் சரியாக இருந்தால் கடைசிப் பாட்டைப் போட்டுக் காட்டச் சொல்லுங்கள். மற்ற பாடல்களின் இரைச்சலில் கீறல் சத்தம் அமுங்கிவிடும். ‘மேரிட் வித் சில்ட்ரன்’ கோய்லின் வீட்டில் பதிவான அமைதியான பாட்டு. தேய்மானமும் படபடவென்ற பொரிச் சத்தமும் அதில் மறையாது. போட்டுக் காட்ட மறுத்தால் 140 பவுண்டை எடுக்காதீர்கள். 2024 ஆகஸ்டில் குழு மீண்டும் சேர்வதாக அறிவித்த சில நாட்களில் இந்த ஆல்பம் மறுபடியும் பிரிட்டனில் முதலிடத்துக்கு வந்தது. இப்படிக் கூட்டம் சேரும் நேரத்தில் அவசரப்பட்டு வாங்குபவர்தான் கூடுதலாகக் கொடுக்கிறார்.

கேள்வி: இணையக் கடையில் புதிய இரட்டை இசைத்தட்டு வாங்கினேன். பிரித்துப் பார்த்தால் ஒரு தட்டு வளைந்திருக்கிறது. ‘முத்திரை பிரித்த தட்டைத் திரும்பப் பெற மாட்டோம்’ என்கிறார்கள்.

பதில்: இரண்டு வெவ்வேறு உரிமைகளைக் கடைக்காரர் ஒன்றாகக் குழப்புகிறார். மனம் மாறியதற்காக 14 நாட்களுக்குள் ரத்து செய்யும் உரிமை 2013 நுகர்வோர் ஒப்பந்த விதிகளில் வருகிறது. முத்திரையிட்ட ஒலிப்பதிவைப் பிரித்துவிட்டால் அந்த உரிமை போய்விடும் என்பது உண்மை. உங்களுடையது பழுதான பொருள். அதற்கு 2015 நுகர்வோர் உரிமைச் சட்டம் பொருந்தும். கையில் கிடைத்த 30 நாட்களுக்குள் நிராகரித்து முழுப் பணத்தையும் கேட்கலாம். முத்திரை பிரித்ததைக் காரணம் காட்டி மறுக்க முடியாது. 30 நாள் கடந்திருந்தால் முதலில் மாற்றித் தரச் சொல்ல வேண்டும். தட்டைச் சுழலவிட்டு, ஊசி ஏறி இறங்குவதைப் பக்கவாட்டிலிருந்து வீடியோ எடுத்து, சட்டத்தின் பெயரைக் குறிப்பிட்டு எழுத்தில் அனுப்புங்கள்.

கேள்வி: இரண்டு பாடல்கள் கூடுதலாக உள்ள ஜப்பான் சி.டி.யை வரவழைக்கலாமா?

பதில்: அந்த இரண்டு பாடல்கள் ‘கிளவுட்பர்ஸ்ட்’, ‘சாட் சாங்’. இரண்டுமே 2014 தொகுப்பின் இரண்டாம் தட்டில் இருக்கின்றன. சேகரிப்பாளராக இல்லாவிட்டால் தபால் செலவும் வரியும் வீண்.

கேள்வி: இணையத்தில் ஒரு தனிநபரிடம் பழைய தட்டைப் பேசி முடித்தேன். கட்டணம் மிச்சமாகும், நண்பருக்கு அனுப்புவதுபோல் பணம் அனுப்புங்கள் என்கிறார்.

பதில்: அனுப்பாதீர்கள். பேபாலில் நண்பர்களுக்கான முறையில் பணம் அனுப்பினால் வாங்குபவர் பாதுகாப்பு கிடைக்காது. பொருள் வாங்குவதாகக் குறித்து அனுப்பினால், சொன்னதற்கும் வந்ததற்கும் பெரிய வித்தியாசம் இருக்கும்போது 180 நாட்களுக்குள் புகார் கொடுக்கலாம். தனிநபரிடம் வாங்கும்போது பொருள் தரமாக இருக்க வேண்டும் என்ற சட்டப் பாதுகாப்பும் உங்களுக்கு இல்லை. அவர் விவரித்தபடி இருக்க வேண்டும் என்பது மட்டுமே உண்டு. ஆகவே அந்த விவரிப்பை எழுத்தில் வாங்குங்கள்: எந்த ஆண்டு அச்சு, நான்கு பக்கங்களின் பொறிப்பு எண்கள், கீறல் உண்டா, உறை கிழிந்திருக்கிறதா. நேரடியாக ஒரு கடையில் நூறு பவுண்டுக்கு மேல் விலையுள்ள தட்டை வாங்கினால் கிரெடிட் கார்டில் கொடுங்கள். 1974 நுகர்வோர் கடன் சட்டத்தின் 75-ஆம் பிரிவின்படி, கடை கைவிரித்தாலும் கார்டு நிறுவனத்திடம் பணத்தைக் கேட்க முடியும். இடையில் வேறொரு பணச் சேவை நுழைந்தால் அந்த உரிமை அறுந்துபோகலாம் என்பதால் கார்டைக் கடையிலேயே நேராகப் பயன்படுத்துங்கள்.