பசி இருந்த காலத்துப் பாசம்

அன்புள்ள ஐயா,

நான் மன்னார்குடிப் பக்கத்துக்காரன். பல வருடமாகச் சென்னையில் மென்பொருள் வேலை. பொங்கலுக்கு ஊருக்குப் போய் வந்ததிலிருந்து மனசு சரியில்லை. தாத்தா காலத்தில் ஏழெட்டுக் குடும்பங்கள் எங்கள் பண்ணையில் இருந்தன. அவர்கள் வீட்டுக் கல்யாணம், காதுகுத்து எல்லாம் தாத்தா செலவுதான். தீபாவளிக்கு வேட்டி, சேலை உண்டு. தாத்தா செத்தபோது அவர்கள் அழுத அழுகையை அப்பா இன்னும் சொல்வார். இன்று அதே குடும்பத்துப் பையன் பைக்கை நிறுத்தாமல் என்னைக் கடந்து போகிறான். நூறு நாள் வேலையும் இலவச அரிசியும் வந்தபிறகு வயலுக்கு ஆள் கிடைப்பதில்லை. நிலத்தை விற்றுவிடலாம் என்கிறார் அப்பா. எனக்கு மனசில்லை. என்ன செய்யலாம்?

சாதி ஒழிய வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. பொருளாதாரம் வளர்ந்தால் அது தானாகவே போய்விடும் என்று நம்புகிறேன். எங்கள் அடுக்ககத்தில் பக்கத்து வீட்டுக்காரர் என்ன சாதி என்றே எனக்குத் தெரியாது. ஆனால் அந்தக் காலத்துப் பாசமும் மரியாதையும் கூடவே போய்விட வேண்டுமா?

க.

*

அன்புள்ள க.,

இந்த மாதிரிக் கடிதங்கள் அடிக்கடி வருகின்றன. பெரும்பாலும் பதில் எழுதுவதில்லை. உங்களுக்கு எழுதக் காரணம், ஊரில் எங்கள் பழைய வீட்டைப் பிரிக்கிறார்கள். பத்தாயத்துப் பலகைகளை என்ன செய்வது என்று தம்பி போனில் கேட்டான். அன்றிலிருந்து எனக்கு அதே நினைப்பு. அந்த நேரம் பார்த்து உங்கள் கடிதம் வந்தது.

நிலத்தை விற்பதும் விற்காததும் நீங்களும் அப்பாவும் உட்கார்ந்து பேச வேண்டியது. அதில் நான் சொல்ல ஒன்றுமில்லை.

பைக் பையன் விஷயம். அவன் எதற்கு நிறுத்த வேண்டும்? வருடத்தில் நான்கு நாள் ஊருக்கு வருகிற உங்கள் முகம் அவனுக்கு எப்படித் தெரியும்? அவன் பெயர் உங்களுக்குத் தெரியுமா? தெரிந்திருந்தால் கடிதத்தில் எழுதியிருப்பீர்கள். ‘அதே குடும்பத்துப் பையன்’ என்றுதான் இருக்கிறது. சரி, இதை விடுங்கள்.

எங்கள் ஊர் திருத்துறைப்பூண்டிக்குக் கிழக்கே. கூடத்தை ஒட்டிய இருட்டறையில் பத்தாயம் இருந்தது. மேலே ஏறி நெல்லைக் கொட்டுவார்கள். அடியில் ஒரு சாண் அகலத்துக்குச் சின்னக் கதவு. பலகையைத் தூக்கினால் நெல் சரசரவென்று கூடையில் இறங்கும். சாவி அப்பாயியின் இடுப்பில். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் யாருக்கும் வேலை இருக்காது. நடவு முடிந்திருக்கும், அறுப்புக்குத் தை பிறக்க வேண்டும். அந்த நாட்களில் சேரியிலிருந்து ஆட்கள் வந்து கொல்லைப்பக்கம் நிற்பார்கள், தலையில் சாக்கைக் கொங்காணியாகப் போட்டுக்கொண்டு. வாசல் பக்கம் வர மாட்டார்கள்.

அப்பாயி மரக்காலால் அளப்பாள். கடன் கொடுக்கும்போது விளிம்போடு கையை ஓட்டித் தலைவழித்து அளப்பாள். தையில் திரும்பி வாங்கும்போது குவித்து அளக்கச் சொல்வாள். இரண்டுக்கும் ஒரே மரக்கால்தான். யாரும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஆனால் அளந்துகொண்டே ஒவ்வொருவர் பிள்ளையையும் பெயர் சொல்லி விசாரிப்பாள். யார் வீட்டில் காய்ச்சல், யாருக்கு மாசம் எத்தனை, எல்லாம் அவளுக்குத் தெரியும். காய்ச்சல்காரப் பிள்ளைக்குச் சுக்கும் மிளகும் துணியில் முடிந்து கொடுத்தனுப்புவாள். அதில் நடிப்பு ஒன்றும் இல்லை. மரக்காலைத் தலைவழித்த கைதான் சுக்கையும் முடிந்தது.

உங்கள் தாத்தாவும் நல்ல மனிதராகவே இருந்திருப்பார். அவரைக் குறை சொல்ல எனக்கு ஆசையில்லை. அவருடைய பாசத்தைப் பொய் என்றும் சொல்ல மாட்டேன். அது எதன்மேல் நின்றது என்றுதான் கேட்கிறேன். கார்த்திகை மாதத்தில் அந்த ஜனத்துக்குச் சோறு இருந்த ஒரே இடம் பத்தாயம். சாவி வைத்திருந்தவர் செத்தால் அழத்தான் செய்வார்கள். அடுத்துச் சாவி யார் கைக்குப் போகும், அந்த ஆள் எப்படிப்பட்டவர் என்ற பயமும் அந்த அழுகையில் கொஞ்சம் இருந்திருக்கும்.

கல்யாணம் தாத்தா செலவு என்கிறீர்கள். வீட்டில் பழைய கணக்கு நோட்டு இருந்தால் எடுத்துப் பாருங்கள். அந்தக் கல்யாண நெல்லும் பணமும் கடனாகப் பற்றுப் பக்கத்தில் இருக்கும். இது ஏதோ உங்கள் வீட்டு வழக்கம் மட்டும் இல்லை. சென்னைப் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரப் பேராசிரியராக இருந்த கில்பர்ட் ஸ்லேட்டர் 1916இல் தன் மாணவர்களைக் கொண்டு சில கிராமங்களை ஆராயச் செய்தார். அதில் ஒன்று இன்றைய விழுப்புரம் மாவட்டத்து இருவேல்பட்டு. அங்கே படியாட்கள், அதாவது நெல்லைப் படியளந்து கூலியாக வாங்கிய பண்ணையாட்கள், கல்யாணத்துக்கென்று வாங்கிய கடன் அடைபடுவதே இல்லை, அப்பனிடமிருந்து பிள்ளைக்கு இறங்குகிறது என்று அப்போதே எழுதி வைத்திருக்கிறார்கள். கடன் இறங்கினால் ஆளும் கூடவே இறங்குவான்.

இந்த உறவை முதலில் முறித்தது யார் தெரியுமா? நூறு நாள் வேலை இல்லை. தஞ்சை மாவட்டத்தில் 1940களில் கம்யூனிஸ்ட் தலைவர் பி. சீனிவாசராவும் அவர் தோழர்களும் சவுக்கடியையும், சாணியைக் கரைத்துக் குடிக்க வைக்கும் சாணிப்பால் தண்டனையையும் எதிர்த்துப் பண்ணையாட்களைத் திரட்டினார்கள். 1952இல் ராஜாஜி அரசு பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் கொண்டுவந்தது. பண்ணையாளுக்கு நிர்ணயித்த கூலி கொடுக்க வேண்டும், நினைத்தபடி விரட்டக் கூடாது என்றது சட்டம். உடனே பல மிராசுதார்கள் என்ன செய்தார்கள்? ‘இனி நீ பண்ணையாள் இல்லை, தினக்கூலி’ என்று சொல்லிவிட்டார்கள். தலைமுறை தலைமுறையாக ‘நம்ம வீட்டு ஆளு’ என்று சொன்ன பாசத்துக்கு அவ்வளவுதான் ஆயுள். தீபாவளி வேட்டி மட்டும் சில வருடம் ஓடியது. அப்புறம் 1968 டிசம்பர் 25. அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்ட தகராறு வளர்ந்து கீழ்வெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்துக் கொளுத்தினார்கள். செத்தவர்களில் பெரும்பாலானவர்கள் பெண்களும் குழந்தைகளும். உங்கள் ஊரிலிருந்து அது எவ்வளவு தூரம்? பாசம் என்று எழுதும்போது உங்களுக்கு அது நினைவுக்கு வரவே இல்லையா?

கோபமாக எழுதிவிட்டேன் போலிருக்கிறது. பரவாயில்லை, இருக்கட்டும்.

இப்போது அரிசிக்கு வருகிறேன். இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். எங்கள் ஊருக்கு ரேஷன் கடை வந்த வருடம் ஐப்பசியில் கொல்லைப்பக்கம் நின்றவர்கள் குறைந்தார்கள். அடுத்த வருடம் இன்னும் குறைந்தார்கள். அப்பாயி திண்ணையில் உட்கார்ந்து சொன்னாள்: “கவர்மெண்டே பத்தாயத்தைத் தொறந்து வெச்சிருக்கு, இனிமே இங்க எவன் வருவான்?” பள்ளிக்கூடம் பக்கம் போகாதவள். ஆனால் நடந்தது என்ன என்று அவளுக்குத் துல்லியமாகத் தெரிந்தது. கொல்லைக்கதவுக்குப் போட்டியாக இன்னொரு கதவு திறந்துவிட்டது. அங்கே அரிசியில் கல் இருக்கும், வீச்சம் இருக்கும், வரிசையில் நிற்க வேண்டும், எடை போடுகிறவன் எடுத்தெறிந்து பேசுவான். ஆனால் அந்த அரிசியை வாங்கியதற்காக மறுநாள் அவன் வீட்டு மாட்டுக்கு யாரும் தண்ணி காட்ட வேண்டியதில்லை.

1967இல் ரூபாய்க்கு ஒரு படி அரிசி என்று அண்ணா தொடங்கியதை அரசியல் தந்திரம் என்று சிரித்தார்கள். 1982இல் எம்ஜிஆர் சத்துணவைக் கொண்டுவந்தபோது பிச்சை என்றார்கள். 2006இல் கிலோ இரண்டு ரூபாய், 2008இல் ஒரு ரூபாய், 2011இல் விலையே இல்லை. ஒவ்வொரு தடவையும் நம் திண்ணைகளில் ஒரே புலம்பல்தான்: உழைப்பு போச்சு, சோம்பேறி ஆகிவிட்டான். நானும் காது புளிக்கக் கேட்டிருக்கிறேன். இலவச அரிசி வாங்குகிறவன் படுத்துக்கொண்டா இருக்கிறான்? திருப்பூரில் இரண்டு ஷிப்ட் ஓட்டுகிறான். உங்கள் அலுவலகக் கட்டடத்துக்குச் சென்ட்ரிங் அடித்ததும் எங்காவது அவனைப் போன்ற ஒருவன்தான். வேலை செய்கிறான். உங்களுக்கு, உங்கள் கூலிக்கு, நீங்கள் கூப்பிட்ட நேரத்துக்குச் செய்யவில்லை, அவ்வளவுதான். வீட்டில் அரிசி இருக்கிறவன் கூலியைப் பேசி முடித்துவிட்டுத்தான் வரப்பில் கால் வைப்பான். இதைச் சோம்பல் என்று சொல்ல நமக்கு நாக்கு கூசுவதில்லை. நீங்கள் கம்பெனி மாறும்போது முப்பது சதவீதம் கூட்டிக் கேட்பீர்களே, அதற்கு மட்டும் வேறு பெயர்.

நூறு நாள் வேலையும் அப்படித்தான். அது வருடத்துக்கு நூறு நாள் என்றுதான் இருந்தது. மீதி 265 நாள் ஆட்கள் எங்கே போனார்கள் என்று அப்பாவைக் கேளுங்கள். அந்த நூறு நாள்கூட எல்லோருக்கும் முழுசாகக் கிடைத்ததில்லை. அங்கே ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி. உங்கள் வயலில் களையெடுக்கும் பெண்ணுக்கு ஆணின் கூலி கொடுத்தீர்களா? அறுப்புக்கு இயந்திரம் வந்தபோது, கருக்கரிவாளோடு கரையில் நின்ற பெண்களுக்கு இனி என்ன வேலை என்று யாராவது கவலைப்பட்டோமா? நமக்கு ஆள் வேண்டாதபோது அது நவீன விவசாயம். ஆளுக்கு நாம் வேண்டாதபோது மட்டும் பாசம் போய்விட்டது.

பொருளாதாரம் வளர்ந்தால் சாதி தானாகப் போகும் என்கிற உங்கள் நம்பிக்கை பாக்கி இருக்கிறது. தானாக எதுவும் போகாது, தம்பி. 1995 ஆகஸ்ட் 31ஆம் தேதி தூத்துக்குடி மாவட்டத்துக் கொடியன்குளத்தில் நூற்றுக்கணக்கான போலீஸ்காரர்கள் புகுந்தார்கள். அந்த ஊர் வளைகுடாப் பணத்தில் கொஞ்சம் தலையெடுத்திருந்த தலித் ஊர். வந்தவர்கள் உடைத்தது எதையெல்லாம் என்று பாருங்கள்: டிவி, மின்விசிறி, தையல் மெஷின். தானியத்தைக் கொட்டினார்கள். குடிக்கிற கிணற்றைப் பாழாக்கினார்கள். பாஸ்போர்ட்டையும் படிப்புச் சான்றிதழையும் கிழித்ததாக ஊர்க்காரர்கள் சொன்னார்கள். பணம் வந்ததால் அந்த ஊருக்குப் பாதுகாப்பு வந்ததா? கையில் காசில்லாதவரை ‘பாவம்’ என்றவர்களுக்கு, அவன் வீட்டில் டிவி வந்ததும் ‘திமிர்’ என்று தோன்றிவிடுகிறது. கீழ்வெண்மணியில் அரைப்படி நெல் கேட்டது குற்றம். இங்கே யாரிடமும் எதுவும் கேட்க வேண்டிய தேவை இல்லாமல் போனதே குற்றம்.

இருவேல்பட்டை அதற்குப்பின்னும் விடாமல் பலமுறை ஆராய்ந்திருக்கிறார்கள். ஜான் ஹாரிஸ், ஜெயரஞ்சன், நாகராஜ் மூவரும் 2008இல் போனபோது பெரிய நிலக்காரரின் பழைய பிடி தளர்ந்திருந்தது. அவர் தயவில்லாமல் ஜனம் பிழைக்க முடிந்தது. ஊரும் காலனியும் மட்டும் தனித்தனியாகவே இருந்தன. வயிற்றின் மேல் இருந்த அதிகாரம் போயிருக்கிறது. அது சின்ன விஷயம் இல்லை, நூறு வருடத்தில் நமக்கு நடந்த பெரிய நல்லது அதுதான் என்பேன். தெருவும் கல்யாணமும் அப்படியே நிற்கின்றன. அதை அரிசியோ சம்பளமோ இடித்துத் தராது.

பக்கத்து வீட்டுக்காரர் சாதி தெரியாது என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த விலைக்கு ஃபிளாட் விற்றால் விலையே ஆளைப் பொறுக்கிவிடும், நீங்கள் வேறு விசாரிக்க வேண்டியதில்லை. தெரிந்தே ஆக வேண்டுமானால், அவர் வீட்டில் பெண்ணுக்கோ பையனுக்கோ வரன் தேடும்வரை பொறுங்கள். எனக்கு வேறொன்று தெரிய வேண்டும். உங்கள் வீட்டுவேலைக்கு வரும் அம்மா எந்த லிஃப்டில் ஏறி வருகிறார்? அவருக்குக் காபி எந்தத் தம்ளரில்? பிள்ளையின் பள்ளிக்கூடக் கட்டணத்துக்கு முன்பணம் வாங்கியிருப்பார், அதை மாதம் எவ்வளவு பிடிக்கிறீர்கள்? இப்படி ஒருவர் கூடுதல் சம்பளம் கிடைத்து வேறு வீட்டுக்குப் போயிருப்பார். ‘எவ்வளவு செய்தோம், நன்றியே இல்லை’ என்று அடுக்ககத்து வாட்ஸ்அப் குழுவில் யாராவது போட்டிருப்பார்கள். அதற்கு நீங்கள் என்ன பதில் போட்டீர்கள்? எழுதுங்கள், அதை வெளியிடுகிறேன்.