'பேட்டர்சன்' படத்தில் கவிதை எங்கே இருக்கிறது?

கேள்வி: ஜிம் ஜார்முஷ் எடுத்த 'பேட்டர்சன்' கவிதை மாதிரி படம் என்று எல்லாரும் சொல்கிறார்கள். ஒருவன் பஸ் ஓட்டுகிறான், நோட்டில் ஏதோ எழுதுகிறான், நாயைக் கூட்டிக்கொண்டு நடக்கிறான். பாதியில் தூங்கிவிட்டேன். எங்கே இருக்கிறது கவிதை?

நானும் முதல் தடவை தூங்கியவன்தான், வெட்கப்படாதீர்கள்.

இரண்டாம் தடவை அப்பாவோடு உட்கார்ந்து பார்த்தேன். பினாங்கில் ஜெட்டிக்கும் ஆயர் ஈத்தாமுக்கும் நடுவே இருபது வருஷத்துக்கு மேல் பஸ் ஓட்டியவர் அவர். வசனத்தைக் கவனித்தமாதிரியே தெரியவில்லை, கண்ணெல்லாம் ஸ்டீயரிங்கிலும் கண்ணாடியிலும்தான். "இவன் நெசமாவே ஓட்டுறான்டா" என்றார். சரியாகத்தான் பிடித்தார்; பஸ் ஓட்டுநராக நடித்த ஆடம் டிரைவர் (பேரைப் பாருங்கள்) இந்தப் படத்துக்காகவே பஸ் ஓட்டக் கற்றுக்கொண்டு லைசென்ஸும் எடுத்தவர்.

ஒரு நாள் அந்த பஸ் வழியில் நின்றுபோகும். ஏதோ கரண்ட் கோளாறு. பயணிகளை இறக்கி ஓரமாக நிற்கவைப்பான், வேறு பஸ் வரும், முடிந்தது. ஆனால் அப்புறம் இதைக் கேள்விப்படுகிற ஒவ்வொருவரும் அது தீப்பந்தாக வெடித்திருக்கும் என்று அதே வார்த்தையையே சொல்வார்கள். அப்பா விழுந்து விழுந்து சிரித்தது இங்கேதான். "நம்ம பஸ் நின்ன அன்னிக்கு, நான் வீடு வர்றதுக்குள்ள பஸ்ஸே எரிஞ்சுபோச்சுன்னு உங்கம்மாகிட்ட வந்து சொல்லிட்டானுங்க." ஜார்முஷ் தன் படங்களின் உரிமையைத் தன் கையிலேயே வைத்துக்கொள்கிறவர், அதனால் இங்கே ஒரு பஸ்ஸைக் கொளுத்துங்கள் என்று அவரிடம் சொல்ல ஆளில்லை.

கவிதைக்கு வருகிறேன். நோட்டில் எழுதுகிற கவிதைகள் அமெரிக்கக் கவிஞர் ரான் பேட்ஜெட் எழுதியவை. ஒரு சிறுமி வாசிக்கும் மழைக் கவிதை மட்டும் ஜார்முஷுடையது. ஆனால் எனக்கு நோட்டைவிடப் படம் அடுக்கப்பட்ட விதம்தான் கவிதையாகத் தெரிந்தது. எஸ்.பி.எம்.மில் (மலேசியாவில் ஐந்தாம் படிவ முடிவில் எழுதும் தேர்வு) தமிழ் இலக்கியம் எடுத்த பாவத்துக்கு எதுகை ஞாபகம் வந்தது என்று வைத்துக்கொள்ளுங்களேன். தினமும் காலையில் அதே கட்டில், மேலேயிருந்து அதே கோணம், கைக்கடிகாரத்தில் மட்டும் சில நிமிஷம் முன்னே பின்னே. திங்கட்கிழமை மனைவி, இரட்டைக் குழந்தைகள் பிறந்ததாகக் கனவு கண்டேன் என்பாள். அதற்கப்புறம் தெருவில், பஸ்ஸில், பாரில் என்று இரட்டையர்களாக வந்துகொண்டே இருப்பார்கள். அந்த மழைக் கவிதைச் சிறுமிக்கும் ஓர் இரட்டை உண்டு. அடிக்கு அடி அதே எழுத்து வந்து ஒட்டுகிறதா? திங்களில் தொடங்கி அடுத்த திங்களில் போய் முடிவதால் அந்தாதி என்றும் சொல்லலாம், என் தமிழாசிரியர் அடிக்க வருவார்.

அப்பாவுக்கு எதுகை பற்றியெல்லாம் அக்கறையில்லை, ஆனால் தினமும் ஏறுகிற முகங்களைப் பார்த்துப் பழகிய கண், அதனால் இரட்டையரை என்னைவிட முன்னாலேயே பிடித்துவிட்டார். "இந்தா, இன்னொரு சோடி."

தூங்கிய இடத்திலிருந்து தொடராதீர்கள், திங்கட்கிழமையிலிருந்தே பாருங்கள். எத்தனை சோடி என்று எண்ணிச் சொன்னால் உதவியாக இருக்கும், எனக்கும் அப்பாவுக்கும் கணக்கு ஒத்துப்போகவில்லை.