தேத்தண்ணிக்காரரின் பெயர்

வணக்கம் ஐயா,

உங்கள் லண்டன் கட்டுரைகளைத் தொடர்ந்து வாசிக்கிறேன். போன வாரம் யூட்யூபில் ‘மைண்ட் யுவர் லாங்குவேஜ்’ என்ற பழைய பிரிட்டிஷ் நகைச்சுவைத் தொடரின் 29 பகுதிகளையும் பார்த்து முடித்தேன். லண்டனில் வெளிநாட்டுக்காரர்கள் ஆங்கிலம் படிக்கும் வகுப்பறைதான் கதை. வயிறு வலிக்கச் சிரித்தேன். பிறகு, அது இனவெறித் தொடர் என்று சிலர் எழுதியிருந்ததைப் படித்ததும் குழப்பமாகிவிட்டது. முக்கியமாக, பாகிஸ்தானியாக வரும் அந்தத் துணை நடிகர் காசுக்காகத் தன் ஆட்களையே கேலிக்கு விற்றவர்தானே? நான் சிரித்தது தவறா? ஆங்கிலம் பழக இந்தத் தொடர் உதவுமா என்றும் சொல்லுங்கள்.

கே., திருச்சி

அன்புள்ள தம்பி,

கடைசிக் கேள்விக்கு முதலில்: உதவாது. நல்ல ஆசிரியர் ஒருவரைத் தேடிப் பிடியுங்கள்.

சிரித்தது தவறா என்பதை உங்களிடமே விடுகிறேன். 1979-இல் அதை ஒளிபரப்பிய தொலைக்காட்சியின் நிகழ்ச்சிப் பொறுப்பாளர் மைக்கேல் கிரேட் அந்தத் தொடரை நிறுத்தியபோது, வந்தேறிகளை இப்படிக் காட்டுவது புண்படுத்துகிறது என்றுதான் நிறுத்தினார். அதில் எனக்கு வருத்தம் இல்லை. நான் பதில் எழுத உட்கார்ந்தது வேறொன்றுக்காக. ‘அந்தத் துணை நடிகர்’ என்று எழுதியிருக்கிறீர்களே, அதற்காக. 29 பகுதி பார்த்திருக்கிறீர்கள். 29 தடவையும் முடிவில் பெயர்கள் ஓடியிருக்கும். ஒரு தடவைகூட அவர் பெயர் உங்கள் கண்ணில் படவில்லை. ஆனால் அவர் தன் ஆட்களை விற்றார் என்று மட்டும் தீர்ப்பு எழுத முடிந்திருக்கிறது. பெயர் தெரியாத மனிதரை எப்படித் தம்பி குற்றவாளிக் கூண்டில் ஏற்றினீர்கள்?

அவர் பெயர் டீனோ ஷஃபீக். 1930-இல் டாக்காவில் பிறந்தவர். அவர் பிறந்தபோது அந்த ஊர் பிரிட்டிஷ் இந்தியா, பிறகு கிழக்குப் பாகிஸ்தான், 1971-இல் அத்தனை இரத்தத்துக்குப் பிறகு வங்காளதேசம். அது நடந்து ஆறே வருடத்தில், 1977-இல், லண்டன் ஸ்டூடியோ ஒன்றில் தலையில் தொப்பியை வைத்து அவரைப் பாகிஸ்தானி அலி நதீமாக உட்கார வைத்தார்கள். அவரோடு மல்லுக்கு நிற்கும் பஞ்சாப் சீக்கியர் ரஞ்சித் யார் என்று நினைக்கிறீர்கள்? எங்கள் இலங்கையின் கம்பளையில் பிறந்த ஆல்பர்ட் மோசஸ். சீனப் பெண்ணாக வந்த பிக்-சென் லிம் மலேசியாவின் பினாங்குக்காரர். பிரெஞ்சுக்காரி பிரான்சுவாஸ் பாஸ்கல் மொரிஷியஸில் பிறந்தவர். ஆட்களைத் தேர்ந்தவர்களுக்கு டாக்காவும் லாகூரும் ஒன்று, கம்பளையும் அமிர்தசரசும் ஒன்று. கோபப்பட வேண்டுமானால் அங்கே போய்க் கோபப்படுங்கள். வசனம் எழுதியது ஷஃபீக் அல்ல. கொடுத்த வசனத்துக்குள் அவர் கையில் மிஞ்சியது முகமும் நேரக்கணக்கும் மட்டும்தான். பிழையான விடையைச் சொல்லிவிட்டு அந்த முகம் மலர்வதைத் திரும்பப் பாருங்கள். வெட்கமே கிடையாது. பாராட்டை எதிர்பார்த்து நிற்கும் பிள்ளையின் முகம் அது. அதை எழுதிக் கொடுக்க ஒருவராலும் முடியாது.

அதற்கு முன்பே, 1974 முதல் 1981 வரை, பிபிசியின் ‘இட் எய்ண்ட் ஹாஃப் ஹாட் மம்’ தொடரில் அவர் தேத்தண்ணிக்காரர் முகமது. இரண்டாம் உலகப்போர் முடியும் காலம், இந்தியாவில் தேவ்லாலி முகாமில் சிப்பாய்களுக்கு நாடகம் போடும் ஒரு பிரிட்டிஷ் படைக்குழு. அந்தக் கதையில் வந்த முக்கியமான இந்தியர் ரங்கி ராமாக நடித்தவர் மைக்கேல் பேட்ஸ். அவர் வெள்ளைக்காரர், முகத்துக்கு மண்ணிறம் பூசினார்கள். அவர் ஜான்சியில் பிறந்தவர், இந்துஸ்தானி பேசத் தெரிந்தவர், நல்ல நடிகர், எல்லாம் உண்மை. ஆனால் பூசாமலே மண்ணிறமாக இருந்த ஷஃபீக் பக்கத்தில் தேத்தண்ணி வாளியோடு நின்றார். காட்சிக்கும் காட்சிக்கும் நடுவே, சித்தார் பின்னணியில், அந்தக் கால இங்கிலீஷ் பாட்டுகளில் இரண்டு வரி பாடுவார். அவருக்குக் கொடுத்த இடம் அவ்வளவுதான்.

அந்தத் தொடரின் முடிவைத் தேடிக் கேளுங்கள். இதைச் சொல்லாமல் என்னால் விட முடியாது. பெயர்கள் ஓடும்போது முகமது ‘லேண்ட் ஆஃப் ஹோப் அண்ட் குளோரி’ பாடத் தொடங்குவார். பிரிட்டிஷ்காரர்கள் தங்கள் நாட்டின் பெருமையைப் பாடும் பாட்டு. நம்பிப் பாடுவார். நாலு வரி போவதற்குள் சார்ஜன்ட் மேஜரின் குரல் வெடிக்கும்: ‘வாயை மூடு!’ எட்டுப் பருவம், தம்பி. நடித்தவர்களின் பெயர்கள் திரையில் ஓடும் அதே நிமிடத்தில், வாரம் தவறாமல் அவர் வாயை மூடச் சொன்னார்கள். அடுத்த வாரம் அவர் மறுபடியும் முதல் வரியிலிருந்து பாடினார். விற்றவன் அப்படிப் பாடுவானா?

1986-இல் நான் கிழக்கு லண்டனில் பின்னேர இங்கிலீஷ் வகுப்புக்குப் போனேன். எனக்குப் பக்கத்து மேசையில் தையற்கூடத்தில் வேலை செய்யும் ஒரு வங்காளப் பெரியவர் இருப்பார். நான் அவரைச் சாச்சா என்று கூப்பிடுவேன். பஸ் தரிப்பில் வெள்ளைக்காரப் பெடியன்கள் அவரைக் கண்டால் ‘ஸ்குவீஸ் மீ ப்ளீஸ்’ என்று கத்துவார்கள். ‘எக்ஸ்கியூஸ் மீ’ என்பதை அலி அப்படித்தான் சொல்லுவார். ஒருநாள் அவருடைய தொப்பியைத் தட்டி விழுத்திவிட்டு அதையே சொல்லிச் சிரித்தார்கள். நான் தொப்பியை எடுத்துக் கொடுத்தேன். இந்தக் கேவலத்தைப் பழக்கியது அந்த நாடகம்தான் என்று எனக்கு ஆத்திரம். நீங்கள் எழுதியதைத்தான் அன்றைக்கு நானும் சொன்னேன். சாச்சா தொப்பியிலிருந்த தூசியைத் தட்டிக்கொண்டே, ‘டீனோவை ஒன்றும் சொல்லாதே, அவன் எங்கள் டாக்காப் பிள்ளை’ என்றார்.

அந்தக் கிழமை வகுப்பில், உங்களுக்குப் பிடித்த ஒருவரைப் பற்றி எழும்பிப் பேசுங்கள் என்று ஆசிரியை சொன்னார். மற்றவர்கள் காந்தி, மண்டேலா என்றார்கள். சாச்சா எழும்பி ‘டீனோ ஷஃபீக், நடிகர். 1984-இல் செத்துப் போனார். வயது 53’ என்றார். ஆசிரியைக்கு ஆளைத் தெரியவில்லை. எழுத்துக்கூட்டிச் சொல்லுங்கள், கரும்பலகையில் எழுதுகிறேன் என்றார். சாச்சா ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார். கடைசியில் ‘ஈ’ இரண்டு வரவேண்டிய இடத்தில் ஆசிரியை ஒன்றை மட்டும் எழுதிவிட்டார். சாச்சா எழும்பி முன்னால் போனார். சோக்கட்டியைக் கேட்டு வாங்கினார். ‘கே’யை அழித்துவிட்டு, இன்னொரு ‘ஈ’ போட்டு, திரும்ப ‘கே’யை எழுதினார்.