தும்பைச் செடி ஏன் காய்கிறது?

பினாங்கு ஜெலுத்தோங்கில் அடுக்குமாடி வீட்டில் இருக்கும் வாசகி கேட்கிறார்: "பூஜைக்காகப் பூச்சட்டியில் வளர்த்த தும்பை நன்றாகப் பூத்தது. இப்போது அடியிலிருந்து காய்கிறது. உரம் போட்டேன், தண்ணீரும் கூட்டினேன், பலன் இல்லை. அடுத்த சிவராத்திரிக்குப் பூ கிடைக்க என்ன செய்வது?"

இது நோய் இல்லை. தும்பை ஓராண்டுச் செடி. பூத்து விதை விட்டதும் அதன் ஆயுள் முடிந்தது. உரத்துக்குச் செலவழிக்கும் காசை மிச்சம் பிடியுங்கள்.

ஆனால் செடியைப் பிடுங்கி எறிந்துவிடாதீர்கள். தண்டைச் சுற்றிக் கொத்தாக நிற்கும் பழுப்புக் கிண்ணங்களைப் பாருங்கள். நன்கு விளைந்திருந்தால் ஒவ்வொன்றின் அடியிலும் நான்கு விதை இருக்கும். தலைகீழாகப் பிடித்துப் பழைய பேப்பரில் தட்டினால் கொட்டும். ஒன்றும் கொட்டவில்லையா? அப்படியானால் பூவை ஒன்றுவிடாமல் பறித்திருப்பீர்கள். தும்பையின் மேலிதழ் சிறு குல்லாய்போல் வளைந்திருக்கும்; மகரந்தம் அதற்குள்தான். அகன்ற கீழிதழில் உட்கார்ந்து தேனீ தலையை நுழைக்கும்போது மகரந்தம் தேனீயின்மேல் ஒட்டிக்கொள்ளும். அதற்குள் பூ சாமி படத்துக்குப் போய்விட்டால் விதை ஏது? ஒரு செடியையாவது பறிக்காமல் விடுங்கள். பூச்சி மருந்தும் வேண்டாம்.

தமிழ்நாட்டில் ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் பிறகு தரிசிலும் வரப்பிலும் ரோட்டோரத்திலும் தும்பை தானாக முளைக்கும். வெயில் நேராக விழ வேண்டும், பக்கத்தில் பெரிய செடிகள் அடைக்கக் கூடாது, மண் மணற்பாங்காக இருந்தால் போதும். கொழுத்த மண்ணில் இலைதான் மண்டும். ஆகவே தோட்ட மண்ணும் ஆற்று மணலும் சரிபாதி கலந்து, எரு சேர்க்காமல், பால்கனியில் வெயில் அதிகம் படும் மூலையில் வையுங்கள். அடித்தட்டில் தண்ணீர் தேங்கினால் வேர் அழுகும். ஏடிஸ் கொசுவுக்கும் அது வசதி.

சிவராத்திரி மாசியில் வருகிறது. பினாங்கில் செப்டம்பர், அக்டோபரில் கொட்டும் மழை டிசம்பருக்கு மேல் குறையும். நவம்பர் கடைசியில் விதையைத் தூவி, மேலே மணலைக் கொஞ்சமாகத் தெளித்தால் சரியாக இருக்கும். எல்லாம் ஒரே சமயத்தில் முளைக்காது. இரண்டு வாரம் கழித்து இன்னொரு பிடி தூவுங்கள்.

அப்புறம், பூ போதாவிட்டால் ரோட்டோரத்தில் பறிக்கத் தோன்றும். களைக்கொல்லி அடிக்கும் இடமா என்று பாருங்கள். சமைப்பதற்கென்றால் அங்கிருந்து ஓர் இலைகூட எடுக்காதீர்கள்.