ஏழு ரூபாய் குறைந்த எண்ணெய் பாக்கெட்

கேள்வி: கடையில் ஒரு லிட்டர் கடலை எண்ணெய் பாக்கெட் 172 ரூபாய். பக்கத்திலேயே, பார்க்க அதே அளவில், வேறு கம்பெனி பாக்கெட் 165 ரூபாய். ஏழு ரூபாய் மிச்சம் என்று அதை எடுத்துவந்தேன். ஏழாவது படிக்கும் மகள் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது 850 கிராம்தான்மா, ஏமாந்துட்டே" என்கிறாள். சரியா?

பதில்: சரிதான். எண்ணெய் தண்ணீரைவிட லேசு. ஒரு லிட்டர் எண்ணெய் ஒரு கிலோ வராது, சுமார் 910 கிராம்தான். ஆக, உங்கள் பாக்கெட்டில் 60 கிராம் குறைவு. 172-ஐ 910-ஆல் வகுத்து 60-ஆல் பெருக்குங்கள்: 11 ரூபாய் 34 காசு. விலையில் குறைந்ததோ வெறும் ஏழு ரூபாய். மகள் பள்ளியில் போடும் ஓரலகு முறைக் கணக்கு இதுவேதான்.

'ஒரு கிராம் என்ன விலை என்று பாக்கெட்டிலேயே போட வேண்டுமே' என்பீர்கள். ஆமாம், 2021-ல் திருத்திய பொட்டலப் பொருள் விதி அப்படித்தான் சொல்கிறது. ஆனால் ஒரு கிலோவுக்குக் குறைந்த பாக்கெட் என்றால் கிராம் கணக்கு, அதுவும் இரண்டு தசம இடத்துக்கு முழுமையாக்கி. உங்கள் பாக்கெட்டில் ₹0.19 என்று இருக்கும். லிட்டர் பாக்கெட்டைக் கிராமுக்கு மாற்றினால் அதுவும் ₹0.19! கிலோவுக்குப் போட்டால்தான் 189, 194 என்று குட்டு வெளிப்படும். கிராமில் அரைக் காசு, கிலோவில் ஐந்து ரூபாய். அதனால் எப்போதும் கிலோவுக்கே போட்டுப் பாருங்கள். அப்புறம், பாக்கெட்டில் இருப்பது எம்ஆர்பி கணக்கு. கடையில் விலை குறைத்துக் கொடுத்தால் பில் விலையை வைத்துப் போட வேண்டும்.

850 கிராம் என்று தெளிவாக அச்சிட்டிருந்தால் புகாருக்கு இடமில்லை. அளவே போடாமல் விற்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ஐக் கூப்பிடுங்கள்.

கேள்வி: ஒரு சலவைத் தூளில் '25% கூடுதல்', இன்னொன்றில் '25% தள்ளுபடி'. இரண்டும் ஒன்றுதானே?

பதில்: இல்லை. கிலோ 100 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். தள்ளுபடியில் கிலோ 75 ரூபாய். கூடுதலில் 100 ரூபாய்க்கு 1,250 கிராம், அதாவது கிலோ 80. தள்ளுபடியையே எடுங்கள். அதற்குமுன் போன மாத பில்லை ஒருமுறை பாருங்கள், எம்ஆர்பி அன்றும் இதேதானா என்று.