கணிதம் கேளுங்கள்: மெமரியைத் தின்னும் சமன்பாடுகள்

கே: ஐந்து பல்லுறுப்புக்கோவைச் சமன்பாடுகளைச் சிங்குலர் மென்பொருளில் கொடுத்து, கிரோப்னர் அடிப்படை (அதே தீர்வுகள் கொண்ட, தீர்க்க வசதியான வேறொரு சமன்பாட்டுத் தொகுப்பு) கேட்டேன். ராத்திரி முழுக்க ஓடி, 16 ஜிபி மெமரியும் தீர்ந்து நின்றுவிட்டது. புது லேப்டாப் வாங்கணுமா?
– எம்.எஸ்சி. மாணவி, தாம்பரம்

ப: வாங்க வேண்டாம். அநேகமாக 'எல்பி', அதாவது மாறிகளை ஒவ்வொன்றாக நீக்கித்தரும் அகராதி வரிசையில் கேட்டிருப்பீர்கள். அதன் மேல் எல்லோருக்கும் ஏன் ஆசை என்பது சின்னக் கணக்கிலேயே தெரியும்:

க² + ச² = 5
க × ச = 2

முதலாவதை ச-வாலும் இரண்டாவதை க-வாலும் பெருக்கிக் கழித்தால், க²ச அடிபட்டு 2க + ச³ − 5ச = 0 மிஞ்சும். இதிலிருந்து க-வை எடுத்து இரண்டாவதில் போட்டால் ச⁴ − 5ச² + 4 = 0. ஒரே மாறிதான்; ச = ±1, ±2. இப்படித் தலை உறுப்புகளை (அந்த வரிசையில் முதலில் நிற்பவற்றை) அடித்து, மிச்சத்தைப் பட்டியலில் சேர்த்து, புதிதாக வருவது நிற்கும்வரை தொடர்வதுதான் 1965-இல் இன்ஸ்புருக்கில் புருனோ புக்பெர்கர் முனைவர் பட்டத்துக்காகத் தந்த வழி. பெயரை மட்டும் தன் வழிகாட்டி கிரோப்னருக்குக் கொடுத்துவிட்டார்!

சிக்கல் நடுவில் வருகிறது. நீங்கள் கொடுத்தது ஓரிலக்கக் கெழு. வழியில் பிறப்பதோ நூறு இலக்கப் பின்னம். அகராதி வரிசையில் படியும் எகிறும். அதனால் முதலில் படியை முன்வைக்கும் 'டிபி' வரிசையில், மாறிகளை அறிவிக்கும் வரியில் உள்ள 0-க்குப் (பின்னங்களோடே கணக்கிடு என்று பொருள்) பதில் 32003 என்ற பகா எண்ணைப் போட்டு, அதால் வகுத்த மீதிகளோடு மட்டும் ஓட்டுங்கள். கெழு எதுவும் அந்த எண்ணைத் தாண்டாது. பிறகு தீர்வுகளை எண்ணும் 'விடிம்' கட்டளையைக் கேளுங்கள். −1 வந்தால் தீர்வுகள் முடிவில்லாதவை. சமன்பாடு ஏதாவது விட்டுப்போயிருக்கிறதா என்று பாருங்கள். எண் வந்தால், அதுவே மடங்கு வேர்களையும் சிக்கலெண் தீர்வுகளையும் சேர்த்த கணக்கு. (மேலே உள்ளதற்கு 4.) எப்போதாவது ஒரு பகா எண் ஏமாற்றும், 31991-இலும் ஒருமுறை சரிபாருங்கள். இரண்டும் ஒத்துப்போனால் 0-வுக்குத் திரும்பி, 'டிபி' விடையை 'எஃப்ஜிஎல்எம்' கட்டளையால் 'எல்பி'க்கு மாற்றுங்கள். தீர்வுகள் முடிவுள்ளவையாக இருந்தால்தான் அது வேலை செய்யும்.

கே: பத்தாம் வகுப்பில் 'குலம்' சொல்லித்தர முடியுமா?
– ஆசிரியை, மயிலாப்பூர்

ப: தாராளமாக. ஓர் உருவத்தை அதே இடத்தில் பொருந்தவைக்கும் அசைவுகள் எல்லாம் சேர்ந்தது ஒரு குலம். சதுர அட்டையின் மூலைகளில் சுற்றிவர 1, 2, 3, 4 எழுதுங்கள்; பின்பக்கமும் அதே மூலைக்கு அதே எண். கால் சுற்று சுற்றிவிட்டுக் கவிழ்ப்பதும், கவிழ்த்துவிட்டுச் சுற்றுவதும் வேறு வேறு என்பதைப் பிள்ளைகளே பிடித்துவிடுவார்கள். மொத்தம் 8 நிலைகள். சுற்றினால் பொருந்தி, கவிழ்த்தால் பொருந்தாத சுழிக் கோலத்துக்கு 4-தான்.

குலங்களைக் கணக்கிடும் கேப் மென்பொருளில் (1,2,3,4), அதாவது கால் சுற்று, (1,3), அதாவது 1-உம் 3-உம் இடம் மாறுவது, இரண்டையும் கொடுத்து 'சைஸ்' (எத்தனை அசைவுகள்) கேட்டாலும் 8 வரும். யாராவது (1,3)-க்குப் பதில் (1,2) தட்டுவார்கள். 24 வந்து நிற்கும். அதை அழிக்கச் சொல்லாதீர்கள். 1-உம் 2-உம் மட்டும் இடம் மாற, அட்டையைக் கையில் வைத்துச் செய்துகாட்டச் சொல்லுங்கள். முறுக்காமலோ கிழிக்காமலோ நடக்காது.