மணல்மேடா சென்னை?

கேள்வி: வெள்ளைக்காரன் வந்து கோட்டை கட்டும்வரை சென்னை வெறும் மணல்மேடாகத்தான் கிடந்தது என்று சாதிக்கிறார் என் நண்பர். உண்மையா?
- ஒரு வாசகர், குரோம்பேட்டை

பதில்: நண்பரை உங்கள் பக்கத்து ஊரான பல்லாவரம் வரை ஒரு நடை அழைத்துப் போங்கள். 1863இல் ராபர்ட் புரூஸ் ஃபூட் என்ற நிலவியலாளர் பழைய கற்காலக் கைக்கோடரியைக் கண்டெடுத்தது அங்கேதான். அவ்வளவு பின்னோக்கிப் போக அவருக்குப் பொறுமை இல்லையென்றால், திருவல்லிக்கேணி பார்த்தசாரதி கோயிலில் பல்லவ மன்னன் தந்திவர்மன் காலத்துக் கல்வெட்டு இருக்கிறது. கிழக்கிந்தியக் கம்பெனி இங்கே இடம் வாங்கிய 1639க்கு ஏறத்தாழ எண்ணூறு ஆண்டுகள் முந்தையது அது.

சொல்லப்போனால், அவர் சொல்லும் அந்த மணல்தான் புதிது! 1876இல் துறைமுக வேலை தொடங்கும் முன், இன்றைய மெரினாவில் இவ்வளவு அகன்ற மணல்வெளி கிடையாது. கடல் சாலைக்கு வெகு அருகில் இருந்தது. கரையோரமாகத் தெற்கிலிருந்து வடக்கே நகரும் மணலைத் துறைமுகச் சுவர் மறித்தது. தெற்கே மணல் சேர்ந்துகொண்டே போயிற்று. வடக்கே ராயபுரம், காசிமேடு பக்கம் கடல் கரையைத் தின்றது. கோட்டைக்கு முன்பிருந்தே இந்தக் கரையில் மீனவர் குப்பங்கள் உண்டு. ஆனால் 1985இல் 'மெரினாவை அழகுபடுத்துகிறோம்' என்று கட்டுமரங்களையும் வலைகளையும் அப்புறப்படுத்தப் போய், துப்பாக்கிச்சூட்டில் உயிர்களே போயின. முதலில் இருந்தவனுக்கு ஆக்கிரமிப்பாளன் என்று பட்டம்!

நகரை ஆக்கியவன் என்ற பெருமையை வெள்ளைக்காரனுக்குத் தூக்கிக் கொடுக்க வேண்டாம். அதற்காக அழிந்ததையெல்லாம் அவன் கணக்கிலேயே எழுதிவிடவும் வேண்டாம். மயிலாப்பூர் ஏரியை வடித்துத் தியாகராய நகரை எழுப்பியது 1920களில், நம்மவர்கள் அமைச்சர்களாக இருந்த காலத்தில். மேற்கு மாம்பலத்தில் 'லேக் வியூ ரோடு' இன்றும் இருக்கிறது, பார்க்கத்தான் ஏரி இல்லை. நுங்கம்பாக்கம் ஏரி இருந்த நிலத்தில் 1976இல் வள்ளுவர் கோட்டத்தைத் திறந்தோம். மழையின் சிறப்புக்குத் தனி அதிகாரமே ஒதுக்கியவருக்கு நாம் தேர்ந்தெடுத்த இடத்தைப் பாருங்கள்! பக்கிங்காம் கால்வாயை வெட்டியது அவன். அதற்குள்ளேயே தூண்களை நட்டுப் பறக்கும் ரயில் விட்டது நாம்.

பள்ளிக்கரணை சதுப்புநிலத்தில் இன்று மிஞ்சியிருப்பது சுமார் பத்தில் ஒரு பங்கு. 2022இல் அது உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் சேர்ந்தது, மகிழ்ச்சி. அதன் பெருங்குடி ஓரத்தில் ஆண்டுக்கணக்காக நகரத்துக் குப்பையைக் கொட்டியது எந்தக் கம்பெனி என்று நண்பரிடமே கேளுங்கள்.